நான் கூப்பிட்ட தீயணைப்பு வண்டி

ஒன்பது வயதில் நான் தனியாளாக ஒரு தீயணைப்பு வண்டியை வரவழைத்திருக்கிறேன். மோர்னிங்சைட்டில் நாங்கள் குடியிருந்த மாடிக் கட்டடத்துக்கு அது சைரன் ஊதிக்கொண்டு, சிவப்பு விளக்குகள் சுழல வந்து நின்றது. அன்று ஸ்காபரோவிலேயே என்னைவிடப் பெருமையோடு ஒருவரும் இருந்திருக்க மாட்டார்கள். அந்தப் பெருமை ஐந்து நிமிடம் நீடித்தது.

எங்கள் கதவுக்கு எதிர்க்கதவு பெர்பினுடைய வீடு. என் வகுப்புத்தான். அவர்கள் துருக்கியிலிருந்து வந்தவர்கள். ஆனால் யாராவது அவளைத் துருக்கிக்காரி என்றால் மூக்கைச் சுருக்கிக்கொண்டு, "இல்லை, குர்திஷ்" என்பாள். அப்படியானால் உன் நாடு எங்கே என்று ஒருநாள் கேட்டேன். வகுப்பில் தொங்கிய உலகப்படத்தில் விரலை வைத்து, நான்கு நாடுகளின் ஓரங்களைச் சேர்த்து ஒரு வட்டம் போட்டுக் காட்டினாள். நான்கு நாடு வைத்திருப்பவள் ஒன்றுமே இல்லாதவள் போல ஏன் முகத்தை வைத்திருக்கிறாள் என்று எனக்குப் பிடிபடவில்லை. வீட்டில் சொன்னபோது கத்தரிக்காய் வெட்டிக்கொண்டிருந்த அம்மா கத்தியை வைத்துவிட்டு, "பாவங்கள்" என்றார். அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் இடியப்பம் அவித்தால் ஒரு தட்டு எதிர்வீட்டுக்குப் போகும். அங்கிருந்து திராட்சை இலையில் சுற்றிய சோறு வரும்.

பெர்பினின் அப்பா ஒரு பேக்கரியில் வேலை செய்தார். சத்தமில்லாத மனிதர். கட்டடத்துக் காவலாளி நடைபாதையில் வந்தால்கூடச் சுவரோடு ஒட்டி நின்று வழிவிடுவார். அவர்களுடைய அகதிக் கோரிக்கைக்கு அப்போது இன்னும் பதில் வந்திருக்கவில்லை. பெரியவர்கள் அதைத் தாழ்ந்த குரலில் பேசுவார்கள். ஏதோ நோய் என்று நான் நினைத்திருந்தேன்.

மார்ச் மாதம், பனி உருகியும் உருகாமலும் கிடந்த ஒரு மாலை. அந்தக் கிழமைதான் பள்ளிக்கூடத்தில் தீ விபத்துப் பற்றிப் பாடம் நடந்திருந்தது. நெருப்பைக் கண்டால் எந்த இலக்கத்தை அழுத்த வேண்டும், முகவரியை எப்படி நிறுத்தி நிதானமாகச் சொல்ல வேண்டும் என்றெல்லாம் பழகியிருந்தோம். எனக்கோ நெருப்புத்தான் கிடைக்காமல் இருந்தது. பல்கனிக்குப் போய் எட்டிப் பார்த்தால், ஐந்து மாடிக்குக் கீழே, கார் நிறுத்துமிடத்துக்குப் பின்னாலிருந்த வெற்று நிலத்தில் சுவாலை ஆள் உயரத்துக்கு எழும்பிக்கொண்டிருந்தது. பத்துப் பதினைந்து பேர் அதைச் சுற்றி ஓடினார்கள். அவர்களுக்குள் பெர்பினின் மஞ்சள் கோட்டையும் கண்டேன்.

அம்மா குளித்துக்கொண்டிருந்தார். அப்பா வேலையால் வந்து சோபாவில் கண்ணயர்ந்திருந்தார். அப்பாவை எழுப்ப வேண்டும் என்று பாடத்தில் சொல்லியிருக்கவில்லை. நான் ரெலிபோனை எடுத்தேன். பெயர், முகவரி, மாடி இலக்கம் எல்லாவற்றையும் நிறுத்தி நிதானமாகச் சொன்னேன். என் சிநேகிதி நெருப்புக்குள் அகப்பட்டுவிட்டாள் என்பதையும் சேர்த்துக்கொண்டேன்.

வண்டி வந்ததும் கீழே ஓட்டம் நின்றுவிட்டது. பெண்கள் பிள்ளைகளை இழுத்து அணைத்துக்கொண்டு பின்னால் ஒதுங்கினார்கள். பெர்பினின் அப்பா மட்டும் முன்னுக்கு வந்து இரண்டு கைகளையும் தலைக்கு மேல் தூக்கினார். தீயணைப்பு வண்டிக்குக் கை காட்டுகிறார் என்றுதான் எனக்குப் பட்டது. நானும் மேலே நின்று இரண்டு கைகளையும் தூக்கி ஆட்டினேன்.

ஈரத் தலையோடு அம்மா ஓடி வந்து கீழே பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"என்னடி செய்தனீ?"

சொன்னேன்.

"என்னட்டை ஒரு சொல்லுச் சொல்லக்கூடாதே? அந்த மனுசன் கையைத் தூக்கிக்கொண்டு நிக்குது, பாரடி!"

அப்பா விழித்தெழுந்து, இடுப்பில் கட்டியிருந்த சாரத்துக்கு மேல் குளிர் கோட்டை மாட்டினார். "நீங்கள் உள்ளுக்கு நில்லுங்கோ, நான் போட்டு வாறன்" என்றவர், வாசலில் நின்று கோட்டுப் பையைத் தடவி அடையாள அட்டை இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டார். அம்மாவும் நானும் உள்ளே நிற்கவில்லை.

நாங்கள் கீழே போனபோதும் பெர்பினின் அப்பாவின் கைகள் இறங்கியிருக்கவில்லை. வண்டிக்குப் பொறுப்பாக வந்தவர் உயரமான ஒரு பெண். தலைக்கவசத்தைக் கழற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, "கையை இறக்குங்கள் ஐயா. யாருக்காவது காயமா?" என்று கேட்டார். பெர்பின் அதைத் தங்கள் மொழியில் சொன்னாள். கைகள் தோள்வரை வந்து அங்கேயே நின்றன. என் அப்பா தன் வேலைத்தல ஆங்கிலத்தில், இவர் எங்கள் அயலவர், நல்ல மனிதர் என்று மூன்று தரம் சொன்னார்.

இன்று தங்களுக்குப் புத்தாண்டு, நெருப்பு மூட்டித் தாண்டுவது வழக்கம் என்று பெர்பின் விளக்கினாள். அனுமதியில்லாமல் இங்கே மூட்டக்கூடாது, அணைத்தே ஆகவேண்டும் என்றார் அந்தப் பெண். ஆனால் அதட்டவில்லை. கொப்பியை விரித்து, அறிக்கையில் எழுத வேண்டும், இந்தப் பண்டிகைக்கு என்ன பெயர் என்று கேட்டார்.

"நௌரோஸ்."

அவர் எழுதினார். பெர்பினின் அப்பா கழுத்தை நீட்டிக் கொப்பியைப் பார்த்தார். அவ்வளவு நேரமும் வாய் திறக்காதவர், தானே ஆங்கிலத்தில், "வி இல்லை. டபிள்யூ" என்றார். அவருடைய மனைவி அவரின் கையைப் பிடித்து இழுத்தார். அவர் அசையவில்லை. "டபிள்யூ" என்றார் மறுபடியும்.

"ஓ, மன்னிக்க வேண்டும்" என்று அந்தப் பெண் வெட்டிவிட்டு எழுதி, கொப்பியைத் திருப்பிக் காட்டினார். "இப்போது சரியா?"

பெர்பினின் அப்பா தலையாட்டினார். பிறகு அந்த ஈரப் பனியிலேயே குந்தியிருந்து முகத்தைப் பொத்திக்கொண்டார். அழுகிறாரென்று நான் பயந்தேன். அவர் சிரித்துக்கொண்டிருந்தார். மனைவியும் சிரிக்கத் தொடங்கினார், என் அப்பா சிரித்தார், ஏனென்று தெரியாமல் தீயணைப்புக்காரர்களும் சிரித்தார்கள். யார் அழைத்தது என்று அந்தப் பெண் கேட்டபோது நான் கையை உயர்த்தினேன். அம்மா என் தோளை அழுத்திய அழுத்தில் இரவுக்கு என்ன காத்திருக்கிறது என்று விளங்கியது. பெர்பினின் அப்பா எழுந்து வந்து நெஞ்சில் கைவைத்து அம்மாவிடம் ஏதோ சொன்னார். பெர்பின் மொழிபெயர்த்தாள்: "அவளை ஏச வேண்டாமாம். எங்களுக்காகத்தானே பயந்தாளாம்."

அணைத்த பிறகு ஆவி பறந்த சாம்பலைப் பெர்பினும் நானும் கைகோத்துத் தாண்டினோம். அந்தப் பெண் வேண்டுமென்றே வண்டிப் பக்கம் திரும்பி நின்றார். லிப்ட்டில் ஏறும்போது அப்பா சொன்னார்: "எனக்கு மேலெல்லாம் பதறிப் போச்சப்பா." "எனக்கும்தான்" என்றார் அம்மா. எனக்கு அடி விழவில்லை.

அவர்களுடைய கோரிக்கை அடுத்த கோடையில் ஏற்கப்பட்டது. இப்போது விட்பியில் சொந்த வீட்டில் இருக்கிறார்கள். பல்கலைக்கழகத்தில் படிக்கும்போதுதான் பெர்பின் எனக்குச் சொன்னாள். அந்த டபிள்யூ எழுத்து துருக்கி நெடுங்கணக்கில் இல்லை, குர்திஷில் உண்டு. அதனால் அவர்களுடைய ஊரில் அதை அச்சிடுவது குற்றமாக இருந்தது. அவள் அப்பா பண்டிகைக்கு அழைப்பிதழ் அடித்தபோது அந்த எழுத்தைப் போட்டார். அந்த ஓர் எழுத்துக்காகச் சீருடைக்காரர் வந்து அவரைப் பிடித்துப்போய் எட்டு மாதம் சிறையில் வைத்திருந்தார்கள்.

அன்று மாலை எனக்கு விளங்கியதெல்லாம், எங்கள் ரீச்சரைப் போலவே பெர்பினின் அப்பாவுக்கும் எழுத்துப் பிழை பிடிக்காது என்பது மட்டுந்தான்.