அம்மா பார்த்த செங்கல் தொட்டி

படித்தவர்கள் எழுதும் இடத்தில் நானும் வந்து உட்கார்ந்துகொள்வதற்கு முதலில் பொறுத்துக்கொள்ளுங்கள். பத்தாம் வகுப்போடு நின்றவள் நான். நாலு பேர் கூடிய இடத்தில் என் பெயரைக் கேட்டால்கூடப் பக்கத்தில் இருப்பவரின் முகத்தைத்தான் பார்ப்பேன். ஷூ கம்பெனியில் 'செக்கிங்' வேலையில் இத்தனை வருஷமாக நான் எழுதியதெல்லாம், சரியாக இருந்தால் ஒரு கோடு, சரியில்லை என்றால் ஒரு குறுக்குக் கோடு, அவ்வளவுதான். ஆனாலும் ஒரு நாளைப் பற்றி எழுதியாக வேண்டும் என்று தோன்றுகிறது. வாயால் சொல்லவேண்டிய இடத்தில் இரண்டு முறை சொல்லாமல் விட்டுவிட்டேன்.

அந்த நாள் எனக்கு உப்பு வாடையில்தான் தொடங்குகிறது. எங்கள் மேல்விஷாரத்தில் உப்பு வாடை என்றால் தோலின் வாடை. மண்டிகளில் பச்சைத் தோலை அடுக்கும்போது அள்ளிப் போடும் கல்லுப்பு, தோலின் ஈரத்தோடு கலந்து, மழை வரப்போகிற நாட்களில் தெருத்தெருவாக வந்து நிற்கும். அப்பா மண்டியில் தோல்கட்டு சுமப்பவர் என்பதால் அவருடைய துண்டும் அதே வாடையோடுதான் வீட்டுக்கு வரும். கடலுக்கும் அதே உப்புதான் என்பது எனக்கு ஒன்பது வயதுவரை தெரியாது. புதுச்சேரியை நெருங்கியபோது பேருந்தின் ஜன்னல் வழியாக அந்தக் காற்று உள்ளே வர, "இங்கியும் மண்டி இருக்குதா?" என்று கேட்டுவிட்டேன். பேருந்தில் இருந்த பெண்கள் எல்லோரும் சிரித்தார்கள். அம்மா மட்டும் சிரிக்காமல் ஜன்னல் கண்ணாடியை இன்னும் கொஞ்சம் தூக்கிவிட்டு, காற்று வந்த பக்கம் முகத்தை வைத்துக்கொண்டாள்.

அம்மா அப்போது ஒரு சிறிய ஷூ கம்பெனியில் தையல் மிஷினில் இருந்தாள். ஷூவின் மேல்பகுதியைத் தைப்பது அவள் வேலை. அதை 'அப்பர்' என்பார்கள். அந்த வருஷம் பெரிய ஆர்டர் ஒன்று நல்லபடியாகக் கப்பல் ஏறிவிட்ட சந்தோஷத்தில் மேனேஜர் தையல் பெண்களுக்கு ஒருநாள் 'டூர்' அறிவித்தார். அவருடைய மைத்துனர் புதுச்சேரியில் ஊர் சுற்றிக்காட்டும் 'கைடு' வேலையில் இருந்தார். அவர்தான், முதலில் கடலில் கலக்கும் ஆற்றைப் படகில் தாண்டி அக்கரை போய் அரிக்கமேடு பார்ப்போம், அது ரோம் நாட்டோடு வியாபாரம் நடந்த பழைய துறைமுகம், இப்போது மறுபடியும் தோண்டிக்கொண்டிருக்கிறார்கள், பிறகுதான் பீச் என்று ஏற்பாடு செய்தாராம். மற்ற பெண்களுக்கு இது பிடிக்கவில்லை. இடிந்த சுவரைப் பார்க்கவா இவ்வளவு தூரம் என்று முணுமுணுத்தார்கள். அம்மாவுக்கு மட்டும் அந்தத் துறைமுகம்தான் வேண்டியிருந்தது. தான் தைப்பதெல்லாம் பெட்டிக்குள் போய், பெட்டி லாரிக்குள் போய், அதற்குப் பிறகு என்ன ஆகிறது என்று அவள் கேட்டபோதெல்லாம் கம்பெனியில் கிடைத்த பதில் "கப்பல்ல போவுது" என்பது மட்டும்தான். அது எந்த மாதிரி இடத்தில் போய்க் கப்பல் ஏறுகிறது என்று ஒருநாளாவது பார்த்துவிட வேண்டும் என்று சோறு வடிக்கும்போதுகூடச் சொல்லிக்கொண்டிருப்பாள். பழைய துறைமுகமோ புதுத் துறைமுகமோ, துறைமுகம் துறைமுகம்தானே என்பது அவள் கணக்கு.

அப்பாவுக்கு இது வெட்டி வேலை. "சும்மா கெடக்கிற செவுரப் பாக்க பஸ் ஏறிப் போறியா?" என்று போகும்வரை கேட்டுக்கொண்டே இருந்தார். கல்யாணம், கோயில், ஆஸ்பத்திரி என்று எந்தக் காரணமும் இல்லாமல், தனக்குப் பார்க்கவேண்டும் என்பதற்காக மட்டும் அம்மா ஊரைவிட்டுக் கிளம்பியது எனக்குத் தெரிந்து அதுதான் முதல்முறை. தீபாவளிக்கு எடுத்த நீலப் புடவையைக் கட்டிக்கொண்டு, என்னையும் கூட்டிக்கொண்டு கிளம்பினாள்.

எங்களுக்கு ஆறு என்றால் மணல். பாலாற்றை நாங்கள் நடந்துதான் கடப்போம். அதில் தண்ணீர் ஓடி நான் பார்த்ததில்லை. எங்கள் தெருவில் நான் பார்த்த ஓடுகிற தண்ணீர், தோலைப் பதனிடும் ஷாப்பிலிருந்து வந்த கால்வாய்த் தண்ணீர்தான். ஒருநாள் பழுப்பு, ஒருநாள் நீலப்பச்சை. அதில் இறங்கி விளையாடிய பிள்ளைகளுக்குக் காலெல்லாம் புண் வந்ததால், "கலர் தண்ணியில கால வைக்காத" என்று அம்மா எனக்கு நடக்கத் தெரிந்த நாளிலிருந்து சொல்லி வளர்த்தாள். வேறு எதற்காகவும் அவள் என்னை அடித்ததில்லை. இதற்காக ஒருமுறை அடித்திருக்கிறாள்.

படகு நின்ற இடத்தில் துறை எதுவும் கிடையாது. முழங்கால் ஆழத்துக்கு இறங்கி நடந்துபோய்த்தான் ஏறவேண்டும். கைடு கரையில் எல்லோரையும் நிற்கவைத்து, இரண்டாயிரம் வருஷத்துக்கு முன்னால் இங்கிருந்துதான் கப்பலில் சரக்கு ஏறியது என்று சொன்னபோது, அம்மாவின் பக்கத்து மிஷின்காரியான சுலோச்சனா அக்கா, "எங்க ஷூவும் இங்கேருந்துதான் போவுதா சார்?" என்று கேட்டாள். "கொஞ்சம் லேட்டா வந்துட்டம்மா" என்றார் அவர். எல்லோரும் சிரித்துக்கொண்டே புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு தண்ணீரில் இறங்கினார்கள். அம்மா எல்லோருக்கும் முன்னால் இறங்கி, திரும்பி எனக்குக் கை நீட்டினாள்.

நான் தண்ணீரைப் பார்த்தேன். பழுப்பாக இருந்தது.

"கலரா இருக்குதும்மா" என்றேன்.

அம்மா குனிந்து தன் காலைச் சுற்றி இருந்த தண்ணீரைப் பார்த்தாள். "இது அந்தத் தண்ணி இல்ல கண்ணு. இது மண்ணு கலரு" என்றாள். நான் பின்னால் போய் ஒரு தென்னைமரத்தைக் கட்டிக்கொண்டேன். தூக்கிக்கொண்டு போகலாம் என்று அவள் வந்தபோது காலை உதைத்துக்கொண்டு அழுதேன். படகிலிருந்து சுலோச்சனா அக்கா, "வசந்தா, உம் பொண்ணு இன்னா மகாராணியா? பல்லாக்கு அனுப்பட்டா?" என்று கேட்க, மறுபடியும் படகு முழுக்கச் சிரிப்பு. எல்லோருக்கும் ஒரே நடையில் இடம் இல்லை, படகு இன்னொரு நடை வரும், அதில் வருகிறோம் என்று அம்மா அவர்களை அனுப்பிவிட்டாள்.

இனி எழுதப்போவதுதான் எனக்குக் கஷ்டமானது. படகு திரும்பி வந்தது. படகுக்காரர் இறங்கி நின்ற கால் நன்றாகத்தான் இருந்தது. அம்மாவின் காலும் நன்றாகத்தான் இருந்தது. அந்தத் தண்ணீர் ஒன்றும் செய்யாது என்று எனக்கு அப்போது தெரிந்துவிட்டது. "இப்பப் போலாமா?" என்று அம்மா மெதுவாகக் கேட்டாள். மாட்டேன் என்று தலையாட்டினேன். பயத்தால் இல்லை. சிரித்தவர்கள் எல்லோரும் அக்கரையில் இருக்கிறார்கள், போய் இறங்கினால் இன்னொரு முறை சிரிப்பார்கள் என்கிற கூச்சத்தால். பேருந்து ஓட்டுநர் பார்த்துவிட்டு, "பாப்பாவ நான் பாத்துக்கறேன், நீ போய்ட்டு வாம்மா" என்றார். அம்மா என் முகத்தைப் பார்த்தாள். நான் அவள் புடவையைப் பிடித்துக்கொண்டேன். மிச்சம் இருந்த பெண்களை ஏற்றிக்கொண்டு படகு போய்விட்டது.

அந்தத் தென்னைமரத்தடியில் நாங்கள் இருவரும் உட்கார்ந்திருந்தோம். அக்கரையில் பச்சைக்கு நடுவே செங்கல் நிறத்தில் ஏதோ ஒன்று தெரிந்தது. அம்மா கையை நெற்றியில் வைத்து வெயிலை மறைத்துக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். கைடின் குரல் காற்று திரும்பும்போது மட்டும் ஒன்றிரண்டு வார்த்தைகளாக வந்தது; வரும்போதெல்லாம் அவள் கழுத்தை நீட்டிக் கேட்டாள். என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் நான் அன்றைக்கே அழுது முடித்திருப்பேன். நனைந்திருந்த அவள் புடவையின் ஓரம் காய்ந்து வெள்ளைக் கோடு விழுந்திருந்தது. அதைக் கட்டைவிரலால் தேய்த்து நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு, "உப்பு" என்றாள், யாரோ எதையோ கையில் கொடுத்துவிட்டுப் போனதுபோல.

திரும்பும்போது பேருந்தில் அம்மா சுலோச்சனா அக்காவின் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொண்டு, அங்கே என்ன இருந்தது, எப்படி இருந்தது என்று வந்தவாசி தாண்டும்வரை கேட்டுக்கொண்டே வந்தாள். "ஜாஸ்தி ஒண்ணும் இல்ல வசந்தா. தூணு நிக்குது. அப்பறம் ஒரு செங்கல் தொட்டி, நம்ம ஷாப்புல தோல் ஊறவைக்கிற சுண்ணாம்புத் தொட்டியேதான். துணிக்குச் சாயம் போட்டாங்களாம். ரெண்டாயிரம் வருஷமா நம்ம ஜனத்துக்கு இதே பொழப்புதான் போலகீது" என்று சுலோச்சனா அக்கா சொன்னாள். தொட்டி எத்தனை அகலம், படி இருந்ததா என்றெல்லாம் அம்மா கேட்டது ஆசையில் என்று நினைத்தேன். வீட்டுக்கு வந்த பிறகுதான் புரிந்தது.

"இன்னா பாத்துட்டு வந்தே, சொல்லு கேப்போம்" என்றார் அப்பா. அம்மா சொன்னாள். தண்ணீரில் இறங்கி நடந்தது, படகு ஆடியது, அக்கரையில் தூண், செங்கல் தொட்டி. தொட்டியின் அகலத்தைக் கையை விரித்துக் காட்டினாள். அப்பா கேலி செய்ய வாய் எடுத்தவர், தொட்டி என்றதும் கேட்க ஆரம்பித்தார். சுண்ணாம்புத் தொட்டி மாதிரியேவா என்று திரும்பக் கேட்டார். அம்மா போகவில்லை, நான் போகவிடவில்லை என்று தெரிந்தால் எனக்கு அடி விழும். அதன்பிறகு அம்மா எங்கேயும் கிளம்ப முடியாது. அவள் சொல்லி முடிக்கும்வரை என் பக்கம் திரும்பவே இல்லை. நானும் வாயைத் திறக்கவில்லை.

அடுத்த வருஷம் டூர் இல்லை, கம்பெனி கைமாறிவிட்டது. ஆனால் அந்தத் தொட்டி எங்கள் வீட்டைவிட்டுப் போகவில்லை. தெருவில் இருப்பவர்களுக்கு, பிறகு என் கணவருக்கு, பிறகு என் பிள்ளைகளுக்கு அம்மா அதைச் சொல்லிக்கொண்டே இருந்தாள். அவள் கையை விரித்து அகலம் காட்டப்போகிறாள் என்று தெரிந்தால், அடுப்பில் ஏதோ இருப்பதுபோல நான் எழுந்து போய்விடுவேன்.

போன மாதம் எங்கள் மகளிர் குழுவில் புதுச்சேரிக்கு வேன் எடுத்தார்கள். படகில் அரிக்கமேடும் உண்டு என்று கேட்டதும் அம்மாவுக்கும் எனக்கும் சேர்த்துப் பெயர் கொடுத்தேன். எப்படியாவது அவளை அக்கரையில் கொண்டுபோய் நிறுத்திவிட்டால், என் மனசில் கிடக்கும் இந்தப் பாரம் இறங்கிவிடும் என்று நினைத்தேன்.

இப்போது தண்ணீரில் இறங்க வேண்டியதில்லை. பலகை போட்ட துறை இருக்கிறது, எல்லோருக்கும் ஆரஞ்சு நிற மிதவைச் சட்டை தருகிறார்கள். ஆனால் துறையிலிருந்து படகுக்குள் ஒரு பெரிய படி இறங்க வேண்டும். அம்மாவின் முழங்கால் அதற்கு வளையவில்லை. இரண்டு பேர் தூக்கிவிடுகிறோம் என்று படகுக்காரர்கள் சொன்னார்கள். அம்மா எல்லோரையும் ஒருமுறை பார்த்துவிட்டு, பலகையில் உட்கார்ந்துகொண்டாள்.

"நீ போய்ட்டு வா. எனக்கு இன்னா, நான் பாத்ததுதானே" என்றாள்.

வேனில் வந்த எல்லோரும் தொட்டிக் கதையைக் கேட்டவர்கள். ஆமாம், அவங்க பாத்தவங்கதானே என்றார்கள். நீ பார்க்கவில்லையே அம்மா என்று நான் சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் அத்தனை பேர் முன்னால் அவள் இத்தனை வருஷம் சொன்னது பொய்யாகும். சொல்லாவிட்டால் அவள் கரையிலேயே உட்கார்ந்திருப்பாள். படகுக்காரர் கயிற்றை அவிழ்த்துவிட்டார். நான் படகில் ஏறிவிட்டேன். ஏறி, கரையைப் பார்த்த மாதிரி உட்கார்ந்துகொண்டேன். கூட வந்தவர்கள் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். அம்மா கையை நெற்றியில் வைத்துக்கொண்டு எங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அக்கரையில் சில செங்கல் தூண்களும் மாமரங்களும்தான் இருந்தன. அந்தத் தூண்கள்கூட அவ்வளவு பழசு இல்லை, பிற்காலத்துப் பாதிரியார்கள் கட்டிய வீட்டினுடையவை என்றார் கைடு பையன். வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு கூட்டத்தில் நான் கேள்வி கேட்டேன்: இங்கே ஒரு செங்கல் தொட்டி இருந்ததாமே? அது கெட்டுப்போகாமல் இருப்பதற்காக, தோண்டி முடித்ததுமே மண்ணைப் போட்டு மூடிவிட்டார்கள் என்று சொல்லி, சமதரையாக இருந்த ஒரு இடத்தைக் கைகாட்டினார். காய்ந்த மாவிலைகள் கிடந்தன.

இன்று சுலோச்சனா அக்கா இல்லை. அம்மா தைத்த கம்பெனி இருந்த இடத்தில் கல்யாண மண்டபம் நிற்கிறது. எங்கள் தெருக் கால்வாயைச் சிமெண்ட் பலகை போட்டு மூடிவிட்டார்கள். அதற்குள் என்ன கலர் ஓடுகிறது என்று என் பிள்ளைகளுக்குத் தெரியாது.

இக்கரைக்கு வந்து அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்தேன். மற்றவர்கள் டீ குடிக்கப் போயிருந்தார்கள்.

"தொட்டி இருக்குதா?" என்று கேட்டாள்.

"இருக்குதும்மா."

"தண்ணி?"

"இல்ல. காஞ்சி கெடக்குது."

அம்மா ஆற்றைப் பார்த்தபடி, என் பக்கம் திரும்பாமலே, "அன்னிக்கு அதுல கலர் தண்ணி நின்னுது. நீ கால வைக்காததே நல்லதாப் போச்சி" என்றாள்.

மறுநாள் திங்கட்கிழமை. வேலைக்குப் போவதற்கு முன்னால் அம்மாவின் புடவையைத் துவைத்துப் போட்டேன். நனைக்கும் முன்னால் பார்த்தேன், அதன் ஓரத்தில் உப்பு இல்லை.