முனியாண்டிக்கு அறுத்த சேவல்

ஆறாம் வகுப்பைத் தாண்டாத நான் ஈப்போவில் டயர் கடை வைத்தேன். லாரிகள் வாங்கினேன். அக்காவுக்கு மாடி வீடு கட்டினேன். சுங்காய் பக்கம் நான் பிறந்த ரப்பர் தோட்டத்தை அழித்துச் செம்பனை நட்டபோது, அங்கே வெயிலில் நின்ற முனியாண்டிக்குக் கூரை போட்டவனும் நான்தான். வங்கிக்காரன் சிரித்தான், சொந்தக்காரன் சிரித்தான். கட்டி முடித்தேன்.

அந்தக் கோயிலுக்குப் பின்னால்தான் தோட்டக் காவலாளி வெட்டுப்பட்டுக் கிடந்தார். கோலாலம்பூரிலிருந்து ஓர் இன்ஸ்பெக்டர் வந்தார், தமிழ்ப் பிள்ளை. கொலை நடந்த இடத்தைப் பார்த்தே கொலைகாரனின் குணத்தைச் சொல்லும் புரோஃபைலிங் படித்தவராம். தனியாள், தோட்டத்தில் பிறந்தவன், கத்தி பழகியவன், பலி கொடுத்துவிட்டு வெட்டியிருக்கிறான் என்று சொல்லிவிட்டார். என் அக்கா மகன் பொருந்திப்போனான். பால்மரம் வெட்டி ரப்பர்ப் பால் எடுத்தவன், கல்யாணம் ஆகவில்லை, காவலாளியோடு வாய்ச்சண்டை வேறு. லாக்கப்பில் வைத்தார்கள்.

எனக்கு ஓரிடத்தில் உட்கார முடியவில்லை. கடைக்குப் போனேன், திரும்பினேன், பிசைந்த சோற்றை வைத்துவிட்டு எழுந்தேன். அக்கா வாசலைவிட்டு நகரவில்லை.

"பெரிய ஆளுன்னு சொல்லிக்கிறியே, போய்க் கூட்டிட்டு வாடா."

வக்கீல் வந்து, பலி என்று போலீஸ் சொல்லும் காரணங்களை அடுக்கினார்: நசுங்கிய எலுமிச்சை, சாமி முன்னால் ரத்தம், பாதிச் சுருட்டு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. கொலைக்கு முந்தின நாள் புது லாரிக்கு அங்கே சேவல் அறுத்துப் பூசை போட்டது நான். அப்படியே காரை எடுத்து இன்ஸ்பெக்டரிடம் போனேன்.

"தம்பி, அந்தச் சேவல் என்னோடதுலா. எலுமிச்சை மேல ஏறுனது என் லாரி. சுருட்டு முனியாண்டிக்கு."

"அங்கிள், இத ஏன் முன்னாடியே சொல்லல?"

"என்னைய யாரு கேட்டா?"

அவர் கோபப்படவில்லை. ரத்தத்தைச் சோதிக்க அனுப்பினார். கோழி ரத்தம் என்று வந்தது. எங்கே தேடலாம் என்றுதான் தன் படிப்பு காட்டும், இவன்தான் என்று அது கைகாட்டாது என்றார். பலியைக் கழித்துவிட்டுப் பார்த்தால் மிஞ்சியது ஒரு திருட்டு. செம்பனைக் குலை திருடி, தடுத்த காவலாளியை வெட்டிய இரண்டு பேர், அந்தப் பழத்தை வாங்கும் கடையின் கேமராவில் மாட்டினார்கள். அதில் ஒருவன் தோட்டத்தில் பிறந்தவன்தான். அதை மட்டும் அவர் சரியாகச் சொல்லியிருந்தார். அக்கா மகன் வீடு வந்தான்.

இப்போது அந்த இன்ஸ்பெக்டர் புதிய போலீஸ்காரர்களுக்கு இந்த வழக்கைப் பாடமாக நடத்துகிறாராம். "பொதுமக்கள் தந்த தகவல்" என்கிறாராம். எந்தப் பொதுமக்கள்? திருடர்களைப் பிடித்தது போலீஸ், ஒப்புக்கொள்கிறேன். பூசையையும் கொலையையும் பிரித்துக் காட்டியவன் நான். அந்தப் பாடத்தில் என் பெயரைச் சேர்க்க வேண்டும், முதல் பக்கத்திலேயே.