சுண்ணாம்புப் புள்ளி வைத்த தேனீ

பீடோர் பக்கத்து ரப்பர் தோட்டமொன்றில் நான் கணக்கெழுதும் கிராணியாகச் சேர்ந்தபோது எனக்கு இருபத்துமூன்று வயது. யாழ்ப்பாணத்திலிருந்து கப்பலேறி வந்து ஓராண்டுகூட ஆகவில்லை. அங்கே மழைநீர் வடியக் கான் வெட்டும் வேலையில் ஒருவர் இருந்தார். சேலம் பக்கத்துக்காரர், என் வயதுதான் இருக்கும். இப்போது ‘அவர்’ என்று எழுதுகிறேன். அன்று ‘நீ’ என்றுதான் கூப்பிட்டேன்.

ஒரு மத்தியானம் அவர் ஸ்டோருக்குப் பின்னால் மண்மேட்டோரம் உட்கார்ந்திருந்தார். முழங்கையில் எறும்பைவிடச் சற்றே பெரிய தேனீக்கள் நாலைந்து மொய்த்து வியர்வையை நக்கிக்கொண்டிருந்தன. வெயில் பட்டபோது அவற்றின் முதுகு பச்சையாக மின்னியது. அவர் கையை அசைக்கவேயில்லை.

“உது கொட்டாதோ?” என்றேன்.

“நசுக்குனாத்தான் கொட்டும் ஐயா. உப்புக்கு வருது. குடிச்சிட்டுப் போயிரும். வீடு இங்கதான் இருக்கு, பாக்குறீங்களா?”

மேட்டின் சரிவில் நெல்மணி நுழையுமளவுக்கு ஒரு துளை. அதை ஒரு தேனீ தன் தலையாலேயே அடைத்திருந்தது. வெளியே போனது திரும்பி வந்ததும் உள்ளே நகர்ந்து வழிவிட்டது. எறும்பு ஒன்று எட்டிப் பார்த்தபோது சட்டென்று திரும்பி, வாசலைப் பின்புறத்தால் அடைத்துக்கொண்டது. நான் சிரித்துவிட்டேன்.

அதன்பின் மத்தியான இடைவேளைகளில் அங்கே போவது வழக்கமாயிற்று. முதலில் வந்து ஒற்றை ஆளாய் மண்ணைத் தோண்டிய தாய்த் தேனீயின் முதுகில், வெற்றிலைச் சுண்ணாம்பை முள்நுனியால் தொட்டு அவர் புள்ளி வைத்திருந்தார். “சுண்ணாம்புக்காரி” என்றுதான் சொல்வார். அவள் மகரந்தத்தை உருட்டி வைத்து, ஒவ்வோர் உருண்டையிலும் ஒரு முட்டையிட்டு அறையை மூடினாளாம். கான் வெட்டும்போது தற்செயலாக உடைந்த இன்னொரு கூட்டில் அதைப் பார்த்திருக்கிறார். மகள்கள் வெளிவந்த பிறகு சுண்ணாம்புக்காரி பறப்பதை நிறுத்திவிட்டாள். மகள்கள்தான் பூவுக்குப் போனார்கள். ஒருத்தி காவல் இருந்தாள். அவர் சொல்லச் சொல்ல நான் ஒரு நோட்டில் ஆங்கிலத்தில் எழுதிக்கொண்டேன். அவருக்கு எழுதத் தெரியாது.

துரையின் பங்களாவுக்கு ஈப்போவிலிருந்து ஒரு வெள்ளைக்காரர் விருந்துக்கு வந்தார். பூச்சிகளைப் பிடித்து ஊசி குத்தி வைப்பவர். துரை என் நோட்டைப் பற்றிச் சொல்லியிருக்கிறார். வந்தவர் ஆபீசுக்கே வந்து அதைப் பக்கம் பக்கமாகப் புரட்டினார்.

“யார் கவனித்தது?” என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

“நான்தான்” என்றேன்.

எப்படி அவ்வளவு சுலபமாக வாயில் வந்தது என்று இன்றுவரை தெரியவில்லை. அவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். எந்த வெள்ளைக்காரரும் அதுவரை என் கையைத் தொட்டதில்லை. கூட்டைத் திறந்து பார்க்கவேண்டும் என்றார். மேட்டருகே கான் வெட்டிக்கொண்டிருந்தவரையே கூப்பிட்டேன்.

அவர் மண்வெட்டியோடு வந்து என்னைப் பார்த்தார். “ஐயா, உள்ள குஞ்சு மூடியிருக்கு. பத்து நாள் போகட்டுமே.”

“துரைமார் நிக்கினம். வெட்டு.”

வெட்டினார். மண்வெட்டியை ஓரமாக வைத்துவிட்டுக் கத்தியால் சீவிச் சீவி, ஓர் அறைகூடச் சிதையாமல் திறந்து காட்டினார். உள்ளே பளபளவென்று வழித்த சுவர்கள், மஞ்சள் உருண்டைகள், வெள்ளைப் புழுக்கள். அடியில் சுண்ணாம்புக்காரி. வெள்ளைக்காரர் அவளை எடுத்து ஒரு குப்பிக்குள் போட்டு மூடினார். “உங்கள் கூலிக்கு நல்ல கை” என்று என்னிடம் சொன்னார். நான் அதை அவருக்கு மொழிபெயர்த்துக்கூடச் சொல்லவில்லை.

பூவுக்குப் போயிருந்த மகள்கள் திரும்பி வந்து, வாசல் இருந்த இடத்தில் சாயங்காலம்வரை சுற்றினார்கள்.

இரண்டு மாதத்தில் அந்த வெள்ளைக்காரரின் சிபாரிசில் எனக்கு ஈப்போவில் வேலை கிடைத்தது. புறப்படுவதற்கு முந்திய நாள் கூலியாட்கள் குடியிருந்த லயத்துக்குப் போனேன். மன்னிப்புக் கேட்கத்தான் போனேன். அவர் கால் கழுவிக்கொண்டிருந்தார்.

“அந்த நோட்டுப் புத்தகத்துல சுண்ணாம்புக்காரியப் பத்தி இருக்கா ஐயா?”

“இருக்கு.”

“அப்பச் சரி லா. எழுதுனது நீங்கதானே.”

அதில் குத்தல் எதுவும் இல்லை. இருந்திருந்தால் நானும் பேசியிருப்பேன். சாப்பிட்டாயா என்று கேட்டுவிட்டுத் திரும்பினேன்.

ஈப்போவில் சிலிபின் பகுதியில் குடியிருந்தேன். உண்மையைச் சொல்லி அந்த வெள்ளைக்காரருக்கு மூன்று தடவை கடிதம் எழுதத் தொடங்கினேன். ஒன்றையும் முடிக்கவில்லை. வேலை போய்விடும் என்ற பயம்தான். வேறு காரணம் சொன்னால் அது பொய்.

கல்யாணமான பிறகு ஒருமுறை பீடோருக்குப் போனேன். லயத்தில் புதிய ஆட்கள். கான் வெட்டும் கூட்டம் லூமுட் பக்கம் ரோட்டு வேலைக்குப் போய்விட்டதாக ஒரு பெண் சொன்னாள். அங்கே போய் விசாரிக்கலாம் என்று நினைத்தேன். மனைவி பஸ்ஸுக்கு நேரமாகிறது என்றாள். நானும் அவளோடு நடந்துவிட்டேன்.