அனுமதிப் பக்கம் இல்லாத அகராதி

அந்த அகராதியை உக்கடத்துப் பழைய புத்தகக் கடையில் வாங்கினேன். விவிலியத்தின் ஒவ்வொரு முக்கியச் சொல்லும் பழைய ஏற்பாட்டில் எங்கே பிறந்தது, இறைவாக்கினர் வாயில் எப்படிச் சூடேறியது, நற்செய்திக்குள் என்னவாக நுழைந்தது என்று சொல்லும் கனத்த ஆங்கில நூல். கத்தோலிக்க அறிஞர்கள் எழுதியது.

ஆசைக்கு வாங்கவில்லை, தேவைக்கு வாங்கினேன். அக்கம்பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பங்கள் கூடும் எங்கள் அன்பியத்துப் பெண்கள் ஏழு பேர் வெள்ளிதோறும் பங்குக் கோவில் வாசகசாலையில் கூடி விவிலியம் படிக்கிறோம். விளக்கிச் சொல்வது நான். அதுவரை கையில் இருந்தது வேறு சபைத் தோழி கொடுத்த, எந்தச் சொல் எந்த வசனத்தில் வருகிறது என்று காட்டும் சொல்லடைவு. அதில் 'சாலமோனின் ஞானம்' நூலைத் தேடினால் இல்லை. 'மக்கபேயர்' நூலைத் தேடினால் இல்லை. நாங்கள் வாசிக்கும் சில நூல்கள் அவர்கள் விவிலியத்திலேயே கிடையாதே. கேள்வி கேட்டவர்களிடம் எத்தனை வாரம் சிரித்துச் சமாளிப்பது?

வாங்கியபோது அட்டை இல்லை. கோட்டைமேட்டில் பைண்டிங் செய்யும் பாயிடம் கொடுத்தேன். "முன்னால நாலு தாளக் கரையான் தின்னுபோட்டுதுங்க. உள்ளாற ஒரு எழுத்துக்கூடப் போகலீங்க" என்று திருப்பித் தந்தார்.

வினை அந்த நாலு தாளில்தான். கத்தோலிக்க இறையியல் நூல் என்றால் முன்பக்கத்தில் 'அச்சிடலாம்' என்று ஆயரின், அதாவது பிஷப்பின், அனுமதி இருக்கும். வாசகசாலையைப் பார்த்துக்கொள்ளும் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் எந்தப் புத்தகத்திலும் முதலில் அந்தப் பக்கத்தைத்தான் திறப்பார். பல நேரம் அதோடு மூடியும் விடுவார். என் அகராதியை முன்னும் பின்னும் புரட்டினார்.

"அனுமதி எங்கீங்க அம்மணி?"

கரையான் என்றேன். அவர் சிரிக்கவில்லை. அனுமதி இல்லாத நூலை வைத்து இந்த அறைக்குள் யாரும் சொல்லித்தர முடியாது, அதுவும் பாதிரியார்கள் படிக்கும் குருமடத்தில் படிக்காதவர்கள், என்றார்.

"அனுமதியக் கரையான் தின்னா, அர்த்தமும் செல்லாமப் போயிருங்களா சார்?"

அவர் கெட்டவர் அல்ல. தவறான போதனை எங்களுக்குள் புகுந்துவிடுமோ என்று உண்மையாகவே பயந்தார். அந்தப் பயத்தை மதிக்கிறேன். அதற்குப் பணிய மாட்டேன்.

கோவில் பங்குத்தந்தையிடம் போய் முறையிட்டோம். பொறுமையாகக் கேட்டார். முழுப் பிரதி ஒன்று கிடைக்கிறதா பார்ப்போம், அதுவரை ஜெபமாலை சொல்லுங்களேன் என்றார். ஜெபமாலை தினமும்தான் சொல்கிறோம். சொல்லிக்கொண்டே யோசிக்கவும் எங்களுக்கு வரும். ஞானஸ்நானத் தண்ணீரை மூளையை ஒதுக்கிவைத்துவிட்டா எங்கள் தலையில் ஊற்றினார்கள்?

வேறொரு நூலின் அனுமதிப் பக்கத்தைக் கிழித்து ஒட்டிவிடலாம் என்றாள் ஒருத்தி. எல்லாரும் சிரித்தோம். நான் மாட்டேன் என்றேன். மறைக்க எங்களிடம் என்ன இருக்கிறது?

அடுத்த வெள்ளி அகராதியை மேசை நடுவில் வைத்தேன். தலைமையாசிரியர் பூட்டோடு வந்தார்.

"எடுங்கம்மணி. இல்லீன்னா கதவச் சாத்திப்போடுவேன்."

"சாத்துங்க சார். நாங்க உள்ளாறதான் இருக்கோம்."

யாரும் எழவில்லை. எங்களில் கிணத்துக்கடவில் வேலை முடித்து நேராக பஸ் பிடித்து வருகிறவள் நோட்டை விரித்துப் பேனா மூடியைக் கழற்றினாள். அவர் வாசற்படியிலேயே நின்றார். நான் 'உடன்படிக்கை' என்ற சொல்லுக்கான பக்கத்தைத் திறந்தேன். ஆங்கிலத்தில் ஒரு வரி, தமிழில் ஒரு வரி என்று, வாசல்வரை கேட்கும்படி உரக்க வாசித்தேன்.