லோம் ஆற்றுக்கு வந்த சோதனை

முப்பது வருடம் தபால் கொடுத்த டீரா, லோம் ஆறு கிளம்புகிற சதுப்பில் பிறந்தவள். அது பெரிய ஏரியில் விழுகிற இடத்துக்கு வாழ்க்கைப்பட்டவள். நடுவே இருக்கும் அறுபது கிலோமீட்டரில் அவளுக்குத் தெரியாத வளைவு கிடையாது. குளிர்காலத்தில் உறைந்த ஆறுதான் அவளுக்குச் சாலை. சறுக்கு வண்டியில் தபால் பையைக் கட்டி, காலால் உந்திக்கொண்டு பறப்பாள்.

பாதி வழியில், தேவாலயத்துக்குக் கீழே, ரூவ் ஆறு வந்து சேரும். சேர்ந்த பிறகும் பெயர் லோம்தான். இந்தக் கோடையில் வரைபடக்காரர்களுக்கு ஒரு சந்தேகம்: ரூவில்தானே தண்ணீர் அதிகம்? கீழ்ப்பாதிக்கு அந்தப் பெயரையே போட்டால் என்ன? செவ்வாய்க்கிழமை நேரில் பார்க்க வருவதாகக் கடிதம் வந்தது.

ஆனால் லோமில் கணுக்கால் அளவுகூடத் தண்ணீர் இல்லை. மேலே பீவர்கள் என்ற நீர்ப்பிராணிகள் மரத்தைக் கடித்துப் போட்டு அணை கட்டியிருந்தன. திங்கட்கிழமை ரப்பர் பூட்ஸை மாட்டிக்கொண்டு போய், அணையில் ஆளுயரத்துக்கு ஓட்டை போட்டுவிட்டு வந்தாள்.

வழியில் பக்கத்து வீட்டு ஈவார் பிடித்துக்கொண்டான். ரூவ் கரையில் பிறந்தவன்.

"என்ன தபால்காரி, உடம்பெல்லாம் சேறு? ஆத்துக்கு வைத்தியம் பாத்தியா?"

"உன் வேலையப் பாரு."

"நாளையிலேருந்து நீ ரூவ்காரி. வா, வா, எங்க ஜாதியில சேத்துக்கறோம்."

விடிந்து பார்த்தால் லோம் பழையபடியே மெலிந்து கிடந்தது. ராத்திரியோடு ராத்திரியாக பீவர்கள் ஓட்டையை அடைத்துவிட்டன.

அளக்க வந்த மோவா சின்னப் பெண். இரண்டு ஆறும் சேருமிடத்தில் கோலை ஊன்றிப் பார்த்து உதட்டைப் பிதுக்கினாள்.

"ரூவ்தான் பெரிசு, அக்கா."

"அது பீவர் பண்ண வேலைம்மா!"

"இருக்கட்டும். தண்ணிய மட்டும் வெச்சு முடிவு பண்ண மாட்டோம். கரையில இருக்கறவங்க என்ன பேர் சொல்றாங்கன்னும் கேக்கணும். நீங்க ஏற்கெனவே நாலு கடிதம் போட்டுட்டீங்க. வேற யாராவது சொல்லட்டும்."

பாலத்தில் தூண்டிலோடு நின்றிருந்தது ஈவார் ஒருவன்தான். டீரா கண்ணை மூடிக்கொண்டாள்.

"ஐயா, இதுக்குக் கீழ போற ஆறு என்ன ஆறு?"

ஈவார் டீராவை ஒரு பார்வை பார்த்தான். அவசரப்படாமல் தூண்டிலைச் சுருட்டினான்.

"லோம். என் படகக் கவுத்தது லோம். என் புது கோட்டக் கொண்டுபோனதும் லோம். நாப்பது வருஷமா அந்தப் பேரச் சொல்லித்தான் திட்டறேன். இப்பப் போய் மாத்தினா நான் யாரைத் திட்டறது?"

மோவா சிரித்துக்கொண்டே எழுதிக்கொண்டாள்.

டீரா கூடையிலிருந்து ஃபிளாஸ்கை எடுத்தாள். "காபி போட்டுக் கொண்டாந்திருக்கேன். ரெண்டு பேரும் வாங்க."

"ஏலக்காய் பன் உண்டா?"

"உண்டு. ரூவ்காரனுக்கு ஒண்ணுதான்."