காந்தம் வைத்த சூப்பர்வைசர்

இன்று காலை சிங்கப்பூர் பூன் லேயில் ஒரு தொழிற்சாலை. நான் போன மாதம் பொருத்திய மின்கதவு. காந்தப்பட்டை அட்டையை இழுத்தால் திறக்க வேண்டும். திறக்கவில்லையாம்.

வாசலில் மேரி அக்கா. அங்கே துப்புரவு வேலை. கதவால் மூன்று நாள் தாமதம். இன்னொரு நாள் என்றால் வேலை போய்விடும்.

"இந்தம்மாதான் கார்டைக் கெடுத்திருக்கும் லா," என்றார் சூப்பர்வைசர்.

நான் கொண்டுபோன சோதனை அட்டைக்குக் கதவு திறந்தது. அக்காவின் அட்டைதான் செத்துப்போயிருந்தது.

"கார்டை எங்கக்கா வைக்கிறீங்க?"

"எங்கிட்ட எங்க தம்பி இருக்கு? ஆபீஸ்காரங்க வீட்டுக்குக் கொண்டுபோலாம். என்னோடதை மட்டும் சாயங்காலம் இவரு வாங்கி வச்சிக்குவாரு. நம்பிக்கை இல்லையாம்."

காவலறையில் பார்த்தேன். இரும்பு அலமாரியில், அக்காவின் அட்டைக்கென்றே ஒரு காந்தம் வைத்து ஒட்டி வைத்திருக்கிறார் இந்த மேதை. காந்தம் பட்டால் அட்டையில் பதிந்தது அழிந்துவிடும் என்று அட்டையின் பின்னாலேயே அச்சடித்திருக்கிறது.

சூப்பர்வைசர் குரலைத் தாழ்த்தினார். "ரிப்போர்ட்ல இதெல்லாம் வேணாம் தம்பி. ஆள் தப்புன்னு மட்டும் போடு."

போட்டேன். எந்த ஆள் என்று பெயரோடு எழுதி, கார்பன் நகலை அக்காவிடம் கொடுத்துவிட்டேன்.

இந்நேரம் என் முதலாளிக்குப் போன் போயிருக்கும். ரிப்போர்ட்டில் எழுத்துப்பிழை இருந்தால் மட்டும் சொல்லுங்கள், திருத்திக்கொள்கிறேன்.