நிழல் அறுக்கும் மந்திரம்

பேய், செய்வினை எதையும் நம்பாத அறிவியல் ஆசிரியன் என்று எங்கள் ஊரான பெண்டாங்கில் எனக்கொரு பெயர் உண்டு. அந்த நான்தான் மாயலோக நாவல் ஒன்று எழுதினேன். என் கற்பனை உலகில் நிழலை அறுக்கும் சடங்குக்குத் தடை. மந்திரத்தை உரக்கச் சொன்னாலே சொன்னவரின் நிழல் போய்விடும். மந்திரமும் நானே கட்டியதுதான்.

அந்த மந்திரம் வரும் அத்தியாயத்தை நூலகத்தில் வாசிக்க அழைத்தார்கள். வீட்டில் ஒத்திகை பார்த்தபோது மந்திரத்தின் கடைசிச் சொல் மட்டும் வாயில் வர மறுத்தது.

“நீங்க எழுதினதுதானே, படிங்க லா!” என்றாள் மனைவி ரமணி.

“தொண்டை கட்டிக்கிச்சு.”

“ஐயோ, சாருக்குப் பயமா?” என்று தாளைப் பிடுங்கி, மந்திரம் முழுவதையும் உரக்கப் படித்தாள்.

நான் பகுத்தறிவோடு குனிந்து அவள் காலடியைப் பார்த்தேன். நிழல் இருந்தது. இருந்தாலும், நூலகத்தில் அந்தப் பக்கத்தை அவளே வாசிக்கட்டும் என்று சொல்லிவிட்டேன்.